ஏற்றத்தில் இழுவை விடும் வண்டி: எரிபொருள் பில்டரை வீட்டிலேயே சோதித்து மாற்றும் முறை

பில்டர் மாற்றுவது பெரிய வேலை இல்லை. பழகிய கைக்கு டீசல் வானில் அரை மணித்தியாலம், பெற்றோல் காரில் அதைவிடக் கொஞ்சம் கூட. பில்டர்தான் குற்றவாளியா என்று கண்டுபிடிப்பதிலும், அது ஏன் அடைத்தது என்று பார்ப்பதிலும்தான் வேலை இருக்கிறது. கம்பளையில் சுகமாக ஓடிய வண்டி இறம்பொடை ஏற்றத்தில் திணறினால் "பில்டர் அடைப்பு" என்று உடனே முடிவு கட்டிவிடுகிறார்கள். புது பில்டர் போட்ட பிறகும் அதே வளைவில் அதே திணறல். காசும் போய், ஒரு ஞாயிற்றுக்கிழமையும் போய்விடும்.

ஆகவே அறிகுறியில் இருந்து தொடங்குவோம். உங்கள் வண்டி என்ன செய்கிறதோ அந்தப் பகுதிக்கு நேரே போகலாம். பெற்றோல் வண்டிக்காரர்கள் மட்டும் நெருப்பைப் பற்றிய பகுதியைத் தாண்டிப் போக வேண்டாம்.

முதலில்: உங்கள் வண்டியில் பில்டர் எங்கே?

டொல்பின் ஹைஏஸ், டவுன்ஏஸ், டெலிகா எல்300 போன்ற பழைய டீசல் வண்டிகளில் எஞ்சின் பக்கமாக ஒரு வார்ப்பு உலோகத் தலை இருக்கும். அதன் மேல் கையால் அமுக்கும் குமிழ், அதுதான் கைப்பம்ப். அடியில் திருகிப் பூட்டிய டின்தான் பில்டர். அதற்கும் அடியில் தண்ணி திறந்துவிடும் திருகு, பலவற்றில் தண்ணி சென்சரும் வயருமாக இருக்கும்.

90-களின் கொரோலா, சன்னி போன்ற ஈ.எஃப்.ஐ. (கார்பரேட்டருக்குப் பதிலாக இன்ஜெக்டரால் பெற்றோலைத் தெளிக்கும்) கார்களில் பொனட்டுக்குள் ஒரு சின்ன உலோக உருளையாக இருக்கும். கார்பரேட்டர் வண்டியில் ஹோஸின் நடுவே உள்ளே தெரியும் பிளாஸ்டிக் பில்டர்.

விட்ஸ், வேகன்ஆர், புதிய ஆல்டோ வைத்திருப்பவர்கள் பொனட்டுக்குள் தேடிக் களைக்க வேண்டாம். அவற்றில் பில்டர் டாங்கிக்குள் பம்போடு சேர்ந்தே இருக்கிறது. பின் சீட்டுக்குக் கீழே பம்பைக் கழற்றி எடுக்கும் வேலை அது. ஹைபிரிட் என்றால் சீட்டுக்குக் கீழே உயர் வோல்டேஜ் பற்றரியும் இருக்கலாம். அதை வீட்டு முற்றத்தில் செய்யச் சொல்ல மாட்டோம்.

அறிகுறி 1: சமதரையில் நல்ல ஓட்டம், நீண்ட ஏற்றத்தில் மெல்ல மெல்லச் சாகிறது

பில்டர் அடைப்பின் அசல் அடையாளம் இதுதான். ஆனால் எப்படிச் சாகிறது என்று கவனியுங்கள். கினிகத்தேனையில் இருந்து வட்டவளைப் பக்கம் ஏறும்போது முதல் அரைக் கிலோமீட்டர் இழுக்கும். பிறகு எக்ஸலேட்டரை முழுதாக மிதித்தாலும் வேகம் இறங்கிக்கொண்டே வரும். காலைச் சற்று எடுத்து, அரை மிதியில் விட்டால் திரும்ப உயிர் வரும். மறுபடி மிதித்தால் கொஞ்ச தூரத்தில் மறுபடி போகும்.

காரணம் எளிது. சமதரையில் எஞ்சின் கேட்கும் எரிபொருள் கொஞ்சம். அரைவாசி அடைத்த பில்டரும் அதைக் கொடுத்துவிடும். செகண்ட் கியரில் முழு மிதியில் ஏறும்போது கேட்பது பல மடங்கு. பில்டரால் அந்த அளவை விட முடியாது. பம்பிலும் லைனிலும் இருக்கும் எரிபொருள் தீரும்வரை ஓடிவிட்டுத்தான் திணறத் தொடங்கும்.

இதே மாதிரித் தெரியும், ஆனால் பில்டரோடு சம்பந்தமே இல்லாத நான்கு விஷயங்களை முதலில் கழித்துவிடுங்கள்.

புகையைப் பாருங்கள். டீசல் வண்டி திணறும்போது சைலன்சரில் கரும்புகை தள்ளினால் எரிபொருள் குறையவில்லை, காற்றுதான் குறைகிறது. ஏர் பில்டரைக் கழற்றிப் பாருங்கள். செம்மண் தோட்டப் பாதையில் ஓடும் வண்டியில் அது சீக்கிரம் அடையும். அது சுத்தம் என்றால் இன்ஜெக்டரைச் சந்தேகிக்கலாம். எரிபொருள் பில்டர் அடைத்த வண்டி புகை இல்லாமல்தான் சாகும். இந்த ஒரு சோதனையே பாதிப் பேரைத் தேவையில்லாத பில்டர் செலவில் இருந்து காப்பாற்றும்.

அடுத்தது உயரம். நுவரெலியா ஏறக்குறைய 1,870 மீட்டர் உயரத்தில் இருக்கிறது. அங்கே காற்றழுத்தம் கடல்மட்டத்தில் இருப்பதில் சுமார் 80 வீதம். டர்போ இல்லாத எஞ்சின் எதுவானாலும் அங்கே ஐந்தில் ஒரு பங்கு பலத்தை இழந்துதான் ஓடும். பழைய மெக்கானிக்கல் பம்ப் டீசலில் காற்று குறைந்தாலும் பம்ப் அதே அளவு டீசலைத்தான் அடிக்கும், ஆகவே மேலே போகப் போகப் புகையும் கூடும். இது நோய் இல்லை. உயரத்தால் வரும் பலக்குறைவு ஏற்றம் முழுக்க ஒரே மாதிரி இருக்கும். காலை எடுத்து மிதித்தால் திரும்பி வந்துவிட்டுப் போகாது.

மூன்றாவது கிளட்ச். எஞ்சின் சத்தம் ஏறுகிறது, வண்டி ஏறவில்லை என்றால் கிளட்ச் வழுக்குகிறது. நான்காவது பிரேக் பிடித்துக்கொள்வது. ஏற்றத்தின் உச்சியில் நிறுத்தி நான்கு சக்கரத்தின் பக்கத்திலும் கையைக் கொண்டுபோய்ப் பாருங்கள், தொட வேண்டாம். ஒன்றில் மட்டும் அனல் அடித்தால் அதுதான் வண்டியை இழுத்துப் பிடிக்கிறது.

இன்னொன்று, டாங்கியில் எவ்வளவு இருக்கிறது? கால் டாங்கிக்குக் கீழே வைத்துக்கொண்டு செங்குத்தான தோட்டப் பாதையில் ஏறினால் எரிபொருள் டாங்கியின் ஒரு மூலைக்குப் போய்விடும், உறிஞ்சும் குழாய் காற்றை இழுக்கும். அரை டாங்கி அடித்துவிட்டு அதே இடத்தில் ஏறிப் பாருங்கள். சரியாகிவிட்டால் ஸ்பேனரைத் தொட வேண்டியதே இல்லை.

இதெல்லாம் கழிந்த பிறகும் சந்தேகம் இருந்தால் டீசல் வண்டியில் கைப்பம்பே சொல்லிவிடும். எஞ்சினை ஓடவிட்டு, ஒருவர் எக்ஸலேட்டரைக் கூட்டிப் பிடிக்க, இன்னொருவர் குமிழைப் பார்க்க வேண்டும். குமிழ் தானாக உள்ளே இழுபட்டுக் கீழேயே நின்றால் அடைப்பு பில்டருக்கு முன்னால், அதாவது டாங்கி வலையிலோ லைனிலோ. குமிழ் சாதாரணமாக நிற்கிறது, கையால் அமுக்கினால் கல்லாக இருக்கிறது என்றால் அடைப்பு பில்டரில்தான் இருக்க இடம் அதிகம். அமுக்கிய குமிழ் மேலே வர நேரம் எடுப்பதும் முன்பக்க அடைப்புக்கு அடையாளம்.

இன்னும் உறுதி வேண்டுமா? 5 லீட்டர் கேனில் சுத்தமான டீசல் எடுத்து, மூடியில் மூன்று துளை போடுங்கள்: உறிஞ்ச ஒன்று, மிஞ்சிய டீசலைத் திருப்பிக் கொண்டுவரும் ரிட்டர்ன் ஹோஸ் வந்து விழ ஒன்று, காற்றுக்குச் சின்னதாக ஒன்று. டாங்கியில் இருந்து பில்டருக்கு வரும் ஹோஸைக் கழற்றிவிட்டு அந்த இடத்தில் கேனின் ஹோஸைப் பூட்டுங்கள். கேன் சைலன்சர் குழாய்க்குத் தூரமாக, விழாதபடி கட்டப்பட்டிருக்க வேண்டும். பக்கத்தில் உள்ள ஏற்றத்தில் ஒருமுறை ஏறிப் பாருங்கள். நன்றாக ஏறினால் கோளாறு டாங்கியிலோ லைனிலோ, பில்டர் நிரபராதி. அப்போதும் திணறினால் பில்டரை மாற்றுங்கள். புது பில்டர் போட்டும் மாறாவிட்டால் இன்ஜெக்டர் பம்ப். பெற்றோல் வண்டியில் இந்தக் கேன் வேலை வேண்டவே வேண்டாம்.

அறிகுறி 2: காலையில் ஸ்டார்ட் எடுக்க நேரமாகிறது (டீசல்)

தை மாதத்துக் குளிரில், புல்லில் உறைபனி கிடக்கும் நாளில் வண்டி மக்கர் பண்ணினால் எல்லோரும் ஸ்டார்ட் செய்யுமுன் எஞ்சினைச் சூடாக்கும் ஹீட்டர் பிளக்கைத்தான் திட்டுவார்கள். பிரித்தறிய ஒரு வழி இருக்கிறது. சாவியைத் தொடுவதற்கு முன் கைப்பம்பை அமுக்குங்கள். கல்லாகும்வரை அமுக்கிவிட்டு, ஹீட்டர் விளக்கு அணைந்ததும் ஸ்டார்ட் செய்யுங்கள். உடனே பிடித்தால் ஹீட்டர் பிளக் சரி. இரவில் லைனுக்குள் காற்று புகுந்து, டீசல் டாங்கிக்கே திரும்ப இறங்கிவிடுகிறது. கைப்பம்ப் அமுக்கியும் வெண்புகை தள்ளி உதறிக்கொண்டே பிடித்தால் ஹீட்டர் பிளக்கைப் பாருங்கள்.

காற்று புகும் இடத்தைக் கண்ணால் பார்ப்பது கடினம். டாங்கியில் இருந்து இன்ஜெக்டர் பம்ப் வரைக்கும் உள்ள பாதை உறிஞ்சும் பாதை. எஞ்சின் ஓடும்போது அதில் வெடிப்பு இருந்தால் காற்று உள்ளே போகும், டீசல் வெளியே வராது. அதனால்தான் "ஒரு சொட்டும் கசியவில்லையே" என்று ஏமாறுகிறோம். பில்டரில் இருந்து பம்புக்குப் போகும் ஹோஸைக் கழற்றிவிட்டு, அதே அளவில் உள்ளே தெரியும் டீசல் ஹோஸ் ஒன்றை ஒரு நாளைக்குப் பூட்டிப் பாருங்கள். குமிழி ஓடினால் காற்று அதற்கு முந்திய பகுதியில் புகுகிறது. ஹோஸின் நுனி, கிளிப் பிடித்த இடம், கைப்பம்பின் ரப்பர், பில்டர் வாசர், தண்ணித் திருகின் ஓ-ரிங் என்று ஒவ்வொன்றாகப் பாருங்கள். கைப்பம்பின் குமிழைச் சுற்றி ஈரம் கண்டால் ரப்பர் கிழிந்துவிட்டது. வெயில் ஏறியதும் சரியாகிற கோளாறு பெரும்பாலும் இறுகிப்போன ஹோஸ்தான். குளிரில் சுருங்கும், சூட்டில் இளகிப் பிடித்துக்கொள்ளும்.

அறிகுறி 3: மழைக்குப் பிறகு, அல்லது டீசல் அடித்த கையோடு, உதறல், டேஷ்போர்டில் பில்டர் விளக்கு

தண்ணி. வேறு யோசிக்க வேண்டாம், நிறுத்துங்கள். டீசல்தான் இன்ஜெக்டர் பம்புக்கு எண்ணெயும். தண்ணி போன இடத்தில் அந்த வழுவழுப்பு இல்லை. பம்ப் தேயும், துருவும் பிடிக்கும். பில்டர் விலைக்கும் பம்ப் விலைக்கும் இடையே உள்ள தூரத்தைச் சொல்லத் தேவையில்லை.

தண்ணி எடுக்க பில்டரைக் கழற்ற வேண்டியதில்லை. அடியில் ஒரு பாத்திரம் வைத்து, தண்ணித் திருகைக் கையால் நான்கைந்து சுற்றுத் தளர்த்தி, கைப்பம்பை ஏழெட்டுத் தரம் அமுக்குங்கள். முதலில் தண்ணி வரும், பிறகு கலங்கல், பிறகு தெளிந்த டீசல். தெளிந்ததும் திருகைப் பூட்டி, கைப்பம்பைக் கல்லாகும்வரை அமுக்குங்கள். பிளாஸ்டிக் திருகை ஸ்பேனர் போட்டு இறுக்கினால் உடையும். கை இறுக்கம் போதும்.

நம் பக்கத்தில் தண்ணி வர வழி நிறைய. வைகாசியில் தொடங்கும் தென்மேற்குப் பருவமழை ஹட்டன், மஸ்கெலியா பக்கத்தை மாதக்கணக்கில் நனைக்கும்; மார்கழியை ஒட்டி பதுளை, பண்டாரவளைப் பக்கத்தின் முறை. டாங்கி மூடியின் ரப்பர் வெடித்திருந்தால் அது போதும். மழையே இல்லாவிட்டாலும் அரை டாங்கியோடு இரவில் நிற்கும் வண்டியில், மேலே உள்ள காற்றில் இருக்கும் ஈரம் குளிர்ந்து சுவரில் வியர்த்து உள்ளேயே இறங்கும். காலையில் அடிப்பதை மாலையில் அடித்து, டாங்கியை நிரப்பி நிறுத்தினால் இதில் பெரும்பகுதி நின்றுவிடும். பவுசர் வந்து இறக்கிக்கொண்டிருக்கும் நேரத்தில் பெற்றோல் செட் வரிசையில் நிற்காமல் இருப்பதும் நல்லது. நிலத்தடி டாங்கியின் அடி மண்டி அப்போதுதான் கலங்கும்.

2022 தட்டுப்பாட்டுக்குப் பிறகு கேனில் சேர்த்து வைக்கும் பழக்கம் சிலருக்கு ஒட்டிக்கொண்டது. வைப்பதானால் நாகம் (சிங்க்) பூசிய தகரத்தில் டீசலை வைக்கக் கூடாது. டீசல் நாகத்தோடு சேர்ந்து பசை மாதிரி ஒன்றை உண்டாக்கும், அது நேராக பில்டருக்கு வந்து உட்காரும்.

அறிகுறி 4: ஓடி நிற்கிறது, பத்து நிமிடம் விட்டால் ஒன்றும் நடக்காதது மாதிரி ஸ்டார்ட் ஆகிறது

பில்டர் அடைப்பு தானாகச் சரியாவதில்லை. நின்று எழும்பும் கோளாறு என்றால் டாங்கிக்குள் பாருங்கள். உறிஞ்சும் குழாயின் வலையில் ஒரு பொலித்தீன் துண்டோ துரு மண்டியோ ஒட்டி அடைக்கிறது. எஞ்சின் நின்றதும் இழுப்பு விட்டுப்போய், கவிழ்த்துத் தட்டிய தேத்தண்ணி வடியில் இருந்து சக்கை விழுவது போல அது கழன்று விழுகிறது. அல்லது டாங்கி மூடியின் காற்றுத் துளை அடைத்திருக்கும். நின்ற உடனே மூடியைத் திறந்து பாருங்கள். "புஸ்" என்று காற்று உள்ளே போகும் சத்தம் கேட்டால், அடுத்த தரம் மூடியைச் சற்றுத் தளர்த்திவிட்டு அதே தூரம் ஓடிப் பாருங்கள். பெற்றோல் காரானால் சூடேறிய மின்பம்பையும் சேர்த்துச் சந்தேகிக்கலாம்.

டீசல் பில்டர் மாற்றுதல்

தேவையானவை: புது பில்டர், தண்ணி சென்சருக்குப் புது ஓ-ரிங், பில்டர் ரெஞ்ச், 1 லீட்டராவது கொள்ளும் பாத்திரம், பழைய துணி, 10 மற்றும் 17 மி.மீ. ஸ்பேனர். கடைக்குப் போகும்போது வண்டி மாடலை மட்டும் சொல்லாமல் எஞ்சின் நம்பரையும் சொல்லுங்கள். ஒரே வான் 2சி-யிலும் 3சி-யிலும் வந்திருக்கும். முடிந்தால் பழைய பில்டரைக் கையோடு கொண்டுபோய் மரையையும் வாசரின் அகலத்தையும் பக்கத்தில் வைத்துப் பாருங்கள். மரையில் உலோகத் துகள் ஒட்டியிருப்பதும், வாசர் பள்ளத்தில் சரியாக உட்காராததும் டூப்ளிகேட்டின் லட்சணம்.

நிறுத்தும் இடத்தையும் யோசியுங்கள். பின்னால் டாங்கி உள்ள வண்டியை மூக்கு பள்ளம் பார்க்க நிறுத்தினால் டாங்கி மேலே வரும், பிறகு ஏர் எடுப்பது (லைனில் புகுந்த காற்றை வெளியேற்றுவது) லேசு. ஆனால் ஹேண்ட் பிரேக் மட்டும் நம்பி நிற்கக் கூடாது. ரிவர்ஸ் கியர் போட்டு, முன் சக்கரங்களுக்கு முன்னால் கட்டை வையுங்கள்.

சென்சர் வயரைக் கழற்றுங்கள். தண்ணித் திருகைத் திறந்து பில்டரை வடியவிடுங்கள். ரெஞ்ச் போட்டுத் தளர்த்திக் கையால் கழற்றுங்கள். இப்போது தலையின் அடிப்பக்கத்தை டோர்ச் அடித்துப் பாருங்கள்: பழைய வாசர் பில்டரோடு வந்ததா, தலையிலேயே ஒட்டிக்கொண்டதா? கறுப்பு உலோகத்தில் கறுப்பு ரப்பர், தொட்டுப் பார்த்தால்தான் தெரியும். நகத்தால் சுற்றிலும் ஒரு தரம் வழியுங்கள். ஒட்டிய வாசரின் மேல் புது வாசர் ஏறினால் கையால் இறுக்கும்போது சரியாகத்தான் இருக்கும், அடுத்த நாளே காற்று புகும்.

பழைய பில்டரின் அடியில் இருந்து சென்சரைக் கழற்றி, புது ஓ-ரிங்கோடு புதியதில் பூட்டுங்கள். வாசரில் டீசலைத் தொட்டுப் பூசுங்கள், கிரீஸ் வேண்டாம். கையால் திருகி, வாசர் தலையைத் தொட்டதும் அங்கிருந்து முக்கால் சுற்று. அவ்வளவுதான். ரெஞ்ச் கழற்ற மட்டும், இறுக்க இல்லை.

புது பில்டரை டீசல் ஊற்றி நிரப்பிவிட்டுப் பூட்டலாமா என்று கேட்பார்கள். நடுத்துளை பில்டரின் வெளிவழி. அதற்குள் ஊற்றும் டீசல் வடிபடாமல் நேரே பம்புக்குப் போகும். ஊற்றியே ஆக வேண்டுமென்றால் சுற்றியுள்ள சின்னத் துளைகள் வழியாக ஊற்றுங்கள். கைப்பம்ப் இருக்கும் வண்டியில் அதுவும் தேவையில்லை. கொமன் ரெயில் எஞ்சினில் (மிக உயர்ந்த அழுத்தத்தில் டீசலைத் தெளிக்கும் புதிய வகை) எந்தத் துளையிலும் ஊற்றாதீர்கள்.

இனி ஏர் எடுப்பது. கைப்பம்பைக் கல்லாகும்வரை அமுக்குங்கள், முப்பது நாற்பது தரம் கூட ஆகலாம். பில்டர் தலையில் ஏர் எடுக்கும் திருகு இருந்தால் அதைச் சற்றுத் தளர்த்தி, நுரை நின்று டீசல் மட்டும் வரும்வரை அமுக்கிவிட்டுப் பூட்டுங்கள். ஸ்டார்ட் செய்யும்போது ஒரு தரத்துக்கு 10 விநாடிக்கு மேல் சுற்ற வேண்டாம்; அரை நிமிடமாவது ஓய்வு கொடுங்கள். பிடித்ததும் இரண்டு மூன்று நிமிடம் மெதுவான ஓட்டத்தில் விட்டு, பில்டரைச் சுற்றி உலர்ந்த துணியால் துடைத்துப் பாருங்கள்.

போட்ட பிறகு வரும் தொல்லைகள்

ஸ்டார்ட் ஆகி அரை நிமிடத்தில் நின்றுவிட்டது: பம்புக்குள் மிச்சம் இருந்த டீசலில் ஓடியிருக்கிறது. ஏர் முழுதாகப் போகவில்லை, மறுபடி அமுக்குங்கள்.

எவ்வளவு அமுக்கினாலும் குமிழ் கல்லாகவில்லை: வாசர் சரியாக உட்காரவில்லை, அல்லது தண்ணித் திருகு பூட்டப்படவில்லை, அல்லது கைப்பம்பின் வால்வு போய்விட்டது. இந்த வரிசையிலேயே பாருங்கள். பல நேரம் முதல் இரண்டிலேயே முடிந்துவிடும்.

குமிழ் கல்லாகிவிட்டது, ஆனாலும் பிடிக்கவில்லை: பழைய மெக்கானிக்கல் பம்ப் எஞ்சினில், இன்ஜெக்டரில் பூட்டியிருக்கும் உருக்குக் குழாய் நட்டுகளில் இரண்டை 17 மி.மீ. ஸ்பேனரால் அரைச் சுற்றுத் தளர்த்தி, துணியால் மூடிவிட்டுச் சுற்றுங்கள். நுரை போய் டீசல் துள்ளித் துள்ளி வந்ததும் நிறுத்தி இறுக்குங்கள். கொமன் ரெயில் வண்டியில் இந்த நட்டில் கையே வைக்கக் கூடாது. அந்தக் குழாயில் ஆயிரம் பார் அழுத்தத்துக்கு மேல் ஓடுகிறது. மயிர்க்கோடாக வரும் டீசல் தோலைத் துளைத்துச் சதைக்குள் போகும். சின்னக் காயம் மாதிரித் தெரியும், உடனே ஆஸ்பத்திரிக்குப் போகாவிட்டால் விரலே போகலாம்.

பெற்றோல் காரில்: நெருப்பை முதலில் நினையுங்கள்

பெற்றோல் ஆவி காற்றைவிடப் பாரமானது, பள்ளம் தேடி இறங்கும். சரிவில் படிபடியாகக் கட்டிய வீடுகளில் மேல்முற்றத்தில் நீங்கள் ஸ்பேனர் பிடித்துக்கொண்டிருக்கும்போது, ஆவி போய்ச் சேரும் இடம் கீழ்வீட்டு விறகடுப்பு. சமையல் நேரத்தில் இந்த வேலையைத் தொடங்காதீர்கள். காற்றோட்டமான வெளியிடம், ஆறிய எஞ்சின், பக்கத்தில் பவுடர் தீயணைப்பானோ ஒரு வாளி உலர்ந்த மணலோ. தண்ணி ஊற்றினால் பெற்றோல் அதன்மேல் மிதந்து நெருப்பையும் கூட்டிக்கொண்டு ஓடும். தொங்கவிடும் கண்ணாடி பல்ப் வேண்டாம், டோர்ச் போதும்.

ஈ.எஃப்.ஐ. லைனில் சுமார் 3 பார் அழுத்தம் நிற்கும், எஞ்சின் நின்ற பிறகும். பியூஸ் பெட்டி மூடியின் உட்புறம் பார்த்து எரிபொருள் பம்பின் பியூஸைக் கண்டுபிடியுங்கள். எஞ்சினை ஓடவிட்டு அதைப் பிடுங்குங்கள். தானாக நின்றதும் மூன்று விநாடி வீதம் இரண்டு தரம் ஸ்டார்ட்டரைச் சுற்றுங்கள். பிறகுதான் பற்றரியின் நெகட்டிவை 10 மி.மீ. ஸ்பேனரால் கழற்ற வேண்டும். அதன் பிறகும் முதல் நட்டைத் துணியால் போர்த்திக்கொண்டு மெல்லத் தளர்த்துங்கள், கொஞ்சம் வரத்தான் செய்யும்.

கொரோலா வகையில் ஒரு பக்கம் நடுவில் துளையுள்ள போல்ட்டும் அதன் இரு பக்கமும் வாசரும், மறுபக்கம் உருக்குக் குழாயின் நட்டும் இருக்கும். எப்போதும் இரண்டு ஸ்பேனர்: ஒன்று பில்டரைப் பிடிக்க, ஒன்று நட்டைத் திருப்ப. ஒன்றே போட்டுத் திருப்பினால் உருக்குக் குழாய் முறுக்கிக்கொள்ளும். அதை நிமிர்த்த முடியாது. இரண்டு வாசரும் புதிதாக இருக்க வேண்டும், பழையதைப் பிரட்டிப் போடுவது கசிவுக்கு அழைப்பு. போல்ட்டுக்கு 30 நியூட்டன் மீட்டர் அளவில் இறுக்கம்.

சன்னி வகையில் ரப்பர் ஹோஸ் நேரே பில்டர் மூக்கில் ஏறியிருக்கும். வருடக்கணக்கில் ஒட்டிப்போயிருந்தால் இழுத்துப் போராடாமல் ஹோஸை வெட்டிவிட்டுப் புதிது போடுங்கள். ஹோஸில் ஈ.எஃப்.ஐ. என்று அச்சிட்டிருக்க வேண்டும். கார்பரேட்டர் ஹோஸ் பார்வைக்கு ஒன்றேதான், விலையும் குறைவு; 3 பார் அழுத்தத்தில் சில மாதத்தில் வியர்க்கத் தொடங்கும். சூடான எஞ்சின் மேல் அது சொட்டும் இடத்தை நினைத்துப் பாருங்கள்.

பில்டரில் உள்ள அம்பு எஞ்சினைப் பார்க்க வேண்டும். பூட்டியதும் பியூஸையும் பற்றரியையும் போட்டு, சாவியை ஒன் செய்து மூன்று விநாடி விட்டு ஓஃப் செய்யுங்கள். இப்படி மூன்று நான்கு தரம். சில பழைய டொயோட்டாக்களில் சாவி ஒன் செய்தால் மட்டும் பம்ப் ஓடாது, ஸ்டார்ட்டர் சுற்றினால்தான் ஓடும். பம்ப் சத்தம் கேட்கவில்லையே என்று பதறாமல் சற்று அதிக நேரம் சுற்றுங்கள். ஓடத் தொடங்கியதும் வெள்ளைக் கடதாசி ஒன்றை மூட்டுகளைச் சுற்றி ஒற்றி எடுங்கள். புள்ளி ஈரம் கண்டாலும் அணைத்துவிட்டு மறுபடி பாருங்கள்.

பழைய பில்டரை வீசுவதற்கு முன்

இதைச் செய்யாதவர்கள் அதே வேலையை இன்னொரு தரம் செய்வார்கள். பழைய பில்டரைக் கவிழ்த்து, எரிபொருள் உள்ளே வரும் பக்கத்தில் இருந்து வடிவதை ஒரு ஜாம் போத்தலில் பிடித்து இருபது நிமிடம் ஆடாமல் வையுங்கள். பெற்றோலானால் முற்றத்தில், மூடி போட்டு.

அடியில் தனி அடுக்காகத் தெளிந்து நிற்பது தண்ணி. செங்கல் நிறத் தூள் என்றால் டாங்கி உள்ளே துருப்பிடிக்கிறது. கறுப்பு நாரும் செதிளுமாக இருந்தால் ஹோஸின் உட்தோல் உரிகிறது; வெளியே புதிதாகத் தெரிந்தாலும் மாற்றுங்கள். விரலில் தொட்டால் நூல் இழுக்கும் கறுப்புச் சளி, அதோடு ஒரு புளித்த நாற்றம் என்றால் அது தண்ணிக்கும் டீசலுக்கும் நடுவில் வளரும் நுண்ணுயிர். அது உள்ள டாங்கியில் எத்தனை பில்டர் போட்டாலும் போதாது, தண்ணியை எடுத்து டாங்கியைக் கழுவினால்தான் நிற்கும். ஒன்றும் இல்லாமல் சுத்தமாக இருந்தால், உங்கள் திணறலுக்கு பில்டர் காரணமாக இல்லாமல் இருக்கலாம். அறிகுறி 1-க்குத் திரும்பிப் போங்கள்.

வடித்ததைக் கானில் ஊற்ற வேண்டாம். தோட்டத்துக் கான் எதுவும் கடைசியில் ஓர் ஆற்றில்தான் விழுகிறது, அதே ஆற்றில் கீழே ஆட்கள் குளிக்கிறார்கள். மூடியுள்ள கேனில் சேர்த்து, கழிவு ஒயில் எடுக்கும் கராஜில் கொடுத்துவிடுங்கள்.

மாற்றும் காலத்துக்கு வண்டியின் கையேட்டைப் பாருங்கள். தோட்டப் பாதையில் ஓடும் டீசல் வண்டிக்கு 10,000 கிலோமீட்டருக்கு ஒன்று, மழைக்காலத்தில் மாதத்துக்கு ஒரு தரம் தண்ணி திறந்துவிடுவது என்று வைத்துக்கொண்டால் பெரும்பாலும் சிக்கல் வராது. புது பில்டர் 2,000 கிலோமீட்டருக்குள் மறுபடி அடைத்தால் மூன்றாவது பில்டர் வாங்காதீர்கள். டீசலானால் டாங்கியை இறக்கிக் கழுவி, உறிஞ்சும் வலையைப் பார்த்து, மேலே உள்ள மிதவையின் வாசரையும் புதிதாகப் போட்டு ஏற்றுங்கள். பெற்றோல் டாங்கியை வீட்டில் இறக்க வேண்டாம். வெறும் டாங்கிக்குள் நிற்கும் ஆவிதான் நிறைந்த டாங்கியைவிட ஆபத்து. அதைக் கராஜில் கொடுத்துவிடுங்கள்.